டாக்டர் இல்லை

விண்ணப்பத்தில் குடும்பப் பெயர் கேட்ட கட்டத்தில் என் அப்பா "இல்லை" என்று எழுதினார். நமக்கு ஏது குடும்பப் பெயர்? அதைப் பதிவு செய்த புண்ணியவான் அதையே எங்கள் குடும்பப் பெயராக்கிவிட்டான். பள்ளியில் வருகைப் பதிவில் ஆசிரியர் "இல்லை" என்பார். நான் "இருக்கேன் சார்" என்பேன். வகுப்பே சிரிக்கும்.

இன்று என் மகளின் கிளினிக் திறப்பு. வாசலில் பெரிய பலகை: "டாக்டர் இல்லை". இருமிக்கொண்டே வந்த பெரியவர் ஒருவர் அதைப் படித்துவிட்டுத் திரும்பி நடந்தார். எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது.

"முதல்ல அந்தப் பேரை மாத்தும்மா!"

"தாத்தா எழுதின பேருப்பா. இந்தப் பேர்லதான் பட்டம் வாங்கினேன். மாத்த மாட்டேன்."

வெள்ளைக் கோட்டோடு தெருவில் ஓடிப் பெரியவரின் கையைப் பிடித்தாள்.

"ஐயா, டாக்டர் இல்லை நான்தான், வாங்க!"

அடுத்து வந்த பெண்மணி பலகையைப் பார்த்துவிட்டு என்னிடம் கேட்டார்.

"டாக்டர் இல்லையா?"

நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னேன்.

"இல்லையேதான்! என் பொண்ணு. உள்ள போங்க."