சுண்டு விரல் பாக்கி

ஸ்டூடியோக்காரர் அவளைப் பார்த்ததும் ஸ்டூலை விட்டு எழுந்தேவிட்டார்.

"வாங்கம்மா, வாங்க! ஒருவழியா இந்தப் பக்கம் வழி தெரிஞ்சுதா? எங்க நம்ம மாப்பிள்ளை? கண்டக்டர்கிட்ட மீதிச் சில்லறைக்கு மல்லுக்கட்டிட்டு இருக்காரா?"

சொல்லிவிடத்தான் வாயெடுத்தாள். நான்கு மாதமாக எத்தனையோ பேரிடம் சொல்லிச் சொல்லி வாய்க்குப் பழகிப்போன வாக்கியம்தான் அது. வேலைக்குப் போன இடத்தில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவன் எழுந்திருக்கவில்லை என்று. ஆனால் கேட்கிறவர்கள் உடனே குரலைத் தாழ்த்திக்கொள்வார்கள். அதன் பிறகு அவனைப் பற்றி வரும் பேச்செல்லாம் 'இருந்தார்', 'செய்தார்' என்றே வரும். இந்த மனிதருக்கு மட்டும் அவன் இன்னும் பஸ்ஸில் இருக்கிறான். சில்லறைக்குச் சண்டை போடுகிறான்.

"வரலை. நான் மட்டும்தான் வந்தேன்" என்றாள். அதில் பொய் ஒன்றும் இல்லை.

அவள் வந்தது ஒரு முகத்துக்காக. வீட்டுச் சுவரில் இப்போது மாட்டியிருப்பது அவனுடைய கம்பெனி அடையாள அட்டையிலிருந்து பெரிதாக்கிய படம். காலர் பட்டன் கழுத்தை இறுக்க, திருடனைப் பிடித்து நிற்கவைத்த மாதிரி விறைத்துக்கொண்டு நிற்பான். அவன் தங்கை அதைப் பார்த்துவிட்டு, "இதுல எங்கண்ணனே இல்லையே அண்ணி" என்று அழுதாள். உண்மைதான். கொஞ்ச நாளாக அவளுக்கும் கண்ணை மூடினால் அந்த அட்டை முகம்தான் முதலில் வருகிறது. அதுதான் அவளைப் பயமுறுத்தியது.

கல்யாணம் அவர்கள் இருவரும் தங்கள் கைக்காசில் செய்துகொண்டது. இரண்டு வீட்டாரும் வாய் நிறைய வாழ்த்தினார்கள், வாழ்த்துக்குச் செலவில்லை. அவன் லிஃப்ட் மெக்கானிக், அவள் மருந்துக் கடையில் பில் போடுகிறவள். எல்லாம் முடிந்து வாடகை அறைக்குள் வந்து பாயை விரித்ததும், அவன் முதலில் பிடித்தது அவள் கையை. பிடித்து, விரல் விரலாக எண்ணத் தொடங்கினான். கட்டை விரல் மண்டபம். ஆள்காட்டி விரல் சமையல்காரர். நடுவிரல், அடகுக் கடையில் தூங்குகிற அவளுடைய வளையல். மோதிர விரல், அவன் கம்பெனியில் வாங்கிய முன்பணம். சுண்டு விரல் ஸ்டூடியோ.

"அவருதான் கடைசி" என்றான். "நம்ம மூஞ்சி எங்க ஓடிப்போகுது? மெதுவா வாங்கிக்கலாம்."

"புதுப் பொண்டாட்டி கையைப் பிடிச்சுப் பேசற பேச்சா இது?"

"உன் கையிலதான் முதலாளி எல்லாமே இருக்கு!"

அன்றிலிருந்து அவள் முதலாளி. ஒரு கடன் தீர்ந்தால் அந்த விரலை அவனே மடக்குவான். அன்று முழுக்க அதை அவள் விரிக்கக் கூடாது. விரித்தால் வட்டி ஏறிவிடுமாம். ஆள்காட்டி விரல் மடங்கிய நாளில் மருந்துக் கடையில் நடுவிரலால் பில் தட்டிக்கொண்டிருந்தாள். "அடுத்தது யாரு முதலாளி?" என்று மாதக் கடைசியில் கேட்பான். இரண்டு நிறுத்தம் முன்னாலேயே இறங்கி நடந்து வருவார்கள். ஞாயிற்றுக்கிழமை ஊர்சுற்றலுக்கும் ஒரு வழி வைத்திருந்தான்: ஏதாவது உயரமான கட்டிடத்தில் பழுது பார்த்து முடித்ததும் அவளை வரச்சொல்லி, சோதனை ஓட்டம் என்று லிஃப்டில் உச்சி மாடி வரை கூட்டிப்போவான். மேலே கதவு திறந்ததும், காற்று அவனுடைய சொந்தக் காற்று என்பதுபோல, "எப்படி?" என்பான்.

மூன்று விரல் மடங்கியிருந்தபோது அவன் போனான். முன்பணத்தைக் கம்பெனியே அவனுக்கு வரவேண்டியதில் பிடித்துக்கொண்டது. மோதிர விரலை மடக்க ஆளில்லை.

"உட்காருங்கம்மா" என்று கம்ப்யூட்டரைத் திருப்பி வைத்தார் ஸ்டூடியோக்காரர். "உங்க வீட்டுக்காரரை மாதிரி ஒரு மாப்பிள்ளையை நான் பார்த்ததே இல்லை. இங்க பாருங்க, இதுல எங்க பார்க்கறாரு? இதுல? இதுல?"

படத்துக்குப் படம் மேடையில் சொந்தக்காரர்கள் மாறினார்கள். அவள் எல்லாவற்றிலும் சிரித்துக்கொண்டிருந்தாள். அவன் மட்டும் எல்லாவற்றிலும் இடதுபக்கம், ஒரே இடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். யாருடனோ கோபம் போல முகம்.

"கேமராவைப் பாருங்க, கேமராவைப் பாருங்கன்னு என் தொண்டையே வறண்டுபோச்சு. அங்க யாரு நின்னாங்க, பழைய காதலியா?"

"கடிகாரம்" என்றாள் அவள். "மூணு மணியைத் தாண்டினா மண்டபத்துக்கு இன்னொரு மணி நேரக் காசு கேட்பாங்க."

ஸ்டூடியோக்காரர் மேசையைத் தட்டித் தட்டிச் சிரித்தார். அவளுக்கும் சிரிப்பு வந்தது. அவனைப் பற்றி இப்படிச் சிரித்து எவ்வளவு நாளாயிற்று! இன்னும் கொஞ்ச நேரம், இன்னும் கொஞ்ச நேரம் என்று மனசு கெஞ்சியது.

"சரி, இதெல்லாம் இருக்கட்டும்" என்றாள். "மேடைக்கு வர்றதுக்கு முன்னால அவரைத் தனியா நிக்கவெச்சு எடுத்தீங்களே, ஜன்னல் பக்கத்துல? அதைக் காட்டுங்க."

"அதுவா? அது இல்லைம்மா."

"இல்லைன்னா?"

"அவரு சொல்லலையா? கல்யாணம் முடிஞ்ச மறுவாரமே வந்துட்டாரு. ஆல்பத்துல பக்கத்தைக் குறைச்சா காசு எவ்வளவு குறையும்னு கேட்டாரு. உங்க படம் ஒண்ணுல கூடக் கை வைக்க விடலை. தன்னோட படத்தையெல்லாம் எடுத்துடச் சொன்னாரு. 'என் ஒத்த மூஞ்சிக்கு ரெண்டு பக்கமா? இதைத்தான் தினம் பார்க்கப்போறாளே'ன்னாரு. நானும் இடம் அடைக்குதுன்னு அழிச்சுட்டேன்."

அவள் கம்ப்யூட்டரையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவனைத் திட்டவேண்டும் போலிருந்தது. பக்கத்தில் நிறுத்தி வைத்து, வாய் வலிக்கும் வரை திட்டவேண்டும்.

அவள் முகம் மாறியதை ஸ்டூடியோக்காரர் வேறு விதமாக எடுத்துக்கொண்டார். "இதுக்கு ஏம்மா வருத்தப்படறீங்க? அடுத்த வாரம் ஆளைக் கூட்டிட்டு வாங்க. இதே சுவர் முன்னால நிக்கவெச்சு நாலு படம் எடுத்துத் தர்றேன். ஓசியிலயே எடுக்கறேன்னு சொல்லுங்க, ஓடி வந்துடுவாரு."

ஓடித்தான் வந்திருப்பான். அவள் மடியிலிருந்த பையின் வாரைச் சுற்றிச் சுற்றி விட்டாள். பிறகு அந்தப் பழகிய வாக்கியத்தைச் சொன்னாள். சொல்லச் சொல்ல அவன் பஸ்ஸிலிருந்து இறங்கிப் போய்விட்டான்.

ஸ்டூடியோக்காரர் எழுந்து போய்க் கடையின் கண்ணாடிக் கதவைச் சாத்தினார். மேசை இழுப்பறையைத் திறந்து ஒரு பிஸ்கட் டப்பாவை எடுத்தார். அதற்குள் பழைய மெமரி கார்டுகள். ஒவ்வொன்றாகச் செருகிப் பார்த்தார். யார் யாருடைய கல்யாணமோ, குழந்தையோ வந்து வந்து போயின. கடைக்குள் விளக்குப் போடும் நேரமாகியும் போடவில்லை.

"இது ஒண்ணு இருக்கும்மா" என்றார் கடைசியில். "கை ஆடிப்போச்சு. ஆகாத படம்னு காட்டவே இல்லை."

மண்டபத்துக்கு வெளியே. சாமான் ஏற்றுகிற வண்டி. கவிழ்த்துப் போட்ட பெரிய பாத்திரத்தின் மேல் மாப்பிள்ளைச் சட்டையோடு அவன் உட்கார்ந்திருந்தான். மடியில் தட்டு. வாய் நிறையச் சோறு. கேமராவை நேராகப் பார்த்து, இந்தக் காதுக்கும் அந்தக் காதுக்குமாகச் சிரித்துக்கொண்டிருந்தான். தூக்கிய வலது கை மட்டும் புகை மாதிரிக் கலைந்திருந்தது. ஐந்து விரலையும் விரித்து ஆட்டியிருக்கிறான்.

அவளுக்கு அந்தச் சத்தமே கேட்டது. 'அஞ்சு நிமிஷம் மிச்சம்! தப்பிச்சோம், அஞ்சு நிமிஷம் மிச்சம்!'

"இவருதான்" என்றாள்.

மிச்சப் பணத்தை எடுத்து மேசையில் வைத்தபோது அவர் இரண்டு கையாலும் தள்ளினார். "வேண்டாம்மா. சத்தியமா வேண்டாம்."

"முழுசா வேண்டாம்னு சொல்லாதீங்க. கொஞ்சம் குறைச்சுக்குங்க, போதும். அவரு வந்திருந்தா அப்படித்தான் கேட்டிருப்பாரு."

அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஒரு நோட்டைத் திருப்பிக் கொடுத்தார். "பேரம் முடிஞ்சுது" என்றார்.

சுவரில் படம் மாறியதும் முதலில் பார்த்தது அவன் தங்கைதான். "வாயில சோத்தோட யாராவது படம் மாட்டுவாங்களா அண்ணி?" என்று கேட்டவள், கேட்டுக்கொண்டே சிரித்தாள், பிறகு அழுதாள். நேரமாகிறது என்று கிளம்பிப் போனாள்.

அவள் கதவைத் தாழிட்டுவிட்டுப் படத்துக்கு எதிரே பாயில் உட்கார்ந்தாள். மோதிர விரலை மடக்கினாள். அதற்குப் பிறகு சுண்டு விரல் தானாகவே மடங்கியது. மாதக் கடைசி அது. பக்கத்து வீட்டில் யாரோ பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார்கள். அடுத்தது யார் என்று யாரும் கேட்கவில்லை. அன்று முழுக்க அந்தக் கையை அவள் விரிக்கவே இல்லை.