எனிட் வெட்டாமல் விட்டது

எனிட் ட்ரஸ்காட்டுக்குக் குண்டைவிடப் படச்சுருளிடம்தான் பயம் அதிகம். அந்தக் காலத்துச் சுருள் ஒரு பொறி பட்டால் போதும், பற்றிக்கொள்ளும். தண்ணீரில் முக்கினாலும் அணையாது. லண்டன் சோஹோவில் ஒரு மூன்றாம் மாடி அறையில் அலமாரி நிறைய அதை வைத்துக்கொண்டு, பல வருடங்களாகப் படத்தொகுப்பு செய்துவந்தாள். திரையில் அவள் பெயர் ஒருமுறைதான் வந்திருந்தது, அதுவும் எழுத்துப் பிழையோடு.

1940 இலையுதிர்காலத்தில் அரசாங்கத்துக்காக ஒரு குறும்படம் அவள் கைக்கு வந்தது. குண்டுவீச்சுக்குக் கலங்காத லண்டன்வாசிகளைப் பற்றியது. பதுங்குமிடத்தில் பாடுகிறார்கள், ஸ்வெட்டர் பின்னுகிறார்கள், கேமராவைப் பார்த்துச் சிரிக்கிறார்கள். ஒரு பெண் மட்டும் தேநீர்க் கோப்பையை வாய்க்குக் கொண்டுபோக முடியாமல், கை நடுங்கி மடியெல்லாம் சிந்திக்கொள்கிறாள்.

"இந்தம்மாவைத் தூக்கிடுங்க. பயந்த மூஞ்சியைக் காட்டினா ஊரே பயந்துடும்," என்றார் மேற்பார்வைக்கு வந்த அதிகாரி வின்யார்ட்.

"சரி சார்."

மறுநாள் காலை கத்தரியை எடுக்கும்போதே விமானத் தாக்குதல் வருவதாக அபாயச் சங்கு ஊதியது. படத்துக்கு வேறு பிரதி கிடையாது. டப்பாக்களை அணைத்துக்கொண்டு எனிட் ஓடினாள். சுருள் ஒட்டும் வேலையில் அவளுக்குத் துணையான க்வென் பின்னாலேயே ஓடிவந்தாள். பதுங்குமிட வாசலில் காவலர் மறித்தார்.

"டப்பால என்ன கண்ணு?"

"படம்."

"ஐயையோ! உள்ள அத்தனை பேர் இருக்காங்க. இதோட நீ வந்தா ஜெர்மன்காரனே தேவையில்ல."

"எனிட், விட்டுத் தொலை! படம் போனா போகட்டும்!" என்று க்வென் கத்தினாள்.

தலைக்கு மேல் விமானங்களின் உறுமல். பழக்கடையோரம் இருந்த தகரக் குப்பைத்தொட்டிக்குள் டப்பாக்களைப் போட்டு மூடிவிட்டு, எனிட் உள்ளே பாய்ந்தாள்.

முதல் குண்டு எங்கோ விழுந்தது. இரண்டாவது விழுந்தபோது விளக்கு அணைந்தது. க்வென் நடுங்கும் குரலில் ஒரு பாட்டை ஆரம்பித்தாள்; யாரும் சேர்ந்துகொள்ளவில்லை. "நிறுத்தும்மா," என்றது ஒரு கிழக்குரல். முன்பின் தெரியாத ஒரு தடித்த மனிதர் எனிட்டின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. பயத்தில் தன் பாவாடை நனைந்திருப்பது அவளுக்கு வெகுநேரம் கழித்துத்தான் தெரிந்தது.

வெளியே வந்தபோது தெருவெல்லாம் கண்ணாடிச் சில்லுகள். எதிர்க் கட்டடத்தில் பாதியைக் காணோம். தொட்டியின் மூடி பறந்துவிட்டிருந்தது. டப்பாக்கள் வெள்ளைத் தூசி படிந்து அப்படியே கிடந்தன.

அன்று பிற்பகல், தேநீர் சிந்திய அந்தப் பெண்ணின் முகம் தெரியும் பகுதியை எனிட் வெட்டினாள். கையும் கோப்பையும் மட்டும் தெரியும் துண்டை இரண்டு பாட்டுகளுக்கு நடுவில் ஒட்டினாள். கண் இமைக்கும் நேரம்தான் வரும்.

"வேலை போயிடும்டி," என்றாள் க்வென்.

"தெரியும். வெட்டக் கை வரல."

வின்யார்ட் படம் பார்த்த அன்று, எனிட் அவர் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்திருந்தாள். அந்தக் கை திரையில் வரும் நொடியில் நெஞ்சு கிழிகிற மாதிரி இருமினாள். அவர் திரும்பிப் பார்த்தார்.

"உடம்பு சரியில்லையா?"

"தூசி சார்."

படம் தேறியது. ஊரெங்கும் ஓடியது. சில நாள் கழித்து அவரிடமிருந்து தொலைபேசி வந்தது.

"நேத்து மனைவியோட தியேட்டர் போயிருந்தேன். நடுவுல ஒரு கை வந்துச்சே, அது எப்படி?"

"தவறுதலா ஒட்டிட்டேன் சார்," என்றாள் எனிட்.



"குண்டு விழ ஆரம்பிச்சதுலேருந்து என் மனைவி ஒரு சொட்டுக் கண்ணீர் விட்டதில்ல. நேத்து அந்தக் கையைப் பாத்து அழுதா."

"மன்னிச்சிடுங்க சார்."

"இன்னும் ரெண்டு படம் அனுப்பறேன். பாத்து ஒட்டுங்க."

வைத்துவிட்டார். மிரட்டினாரா, மன்னித்தாரா என்று எனிட்டுக்குக் கடைசிவரை புரியவில்லை. அந்த இரண்டு படங்களையும் முடித்தாள். போருக்குப் பிறகும் பல படங்கள் வந்தன. பெயரும் பிழையில்லாமல் வரத் தொடங்கியது. ஆனால் போர் முடியும்வரை, அறையில் தொலைபேசி அடித்தால் க்வென்தான் எடுக்க வேண்டும்.