இரண்டாவது சீட்டு

ஆல்பின் ரோஷ்கரை நாடே ஜனாதிபதி என்கிறது. நான் மட்டும் இன்னும் ப்ரொபசர் என்றுதான் கூப்பிடுகிறேன். லுப்லியானா சட்டக் கல்லூரியில் பதினாறு வருடம், அவர் தூதராக நியூயார்க்கில் இருந்த பன்னிரண்டு வருடம், இப்போது ஜனாதிபதி மாளிகையில் மூன்று வருடம். எங்கே போனாலும் அவருடைய காகிதங்களைச் சுமக்கிறவள் நான், ஸ்தென்கா.

கல்லூரியில் கேள்விச் சீட்டு வெட்டுவது என் வேலை. வாய்மொழித் தேர்வுக்கு வருகிற பிள்ளை தகர டப்பாவில் கைவிட்டு ஒரு சீட்டு எடுக்கும். தெரியாத கேள்வி என்றால் அதைத் திரும்பப் போட்டுவிட்டு இன்னொன்று எடுக்கலாம். ஒரு மதிப்பெண் குறையும், அவ்வளவுதான். மற்ற ஆசிரியர்கள் இதற்கு முகம் சுளிப்பார்கள். ப்ரொபசர் டப்பாவைத் தானே பிள்ளை பக்கம் நகர்த்தி வைப்பார். அந்தக் காலத்தில் அவருக்கு ஆமாம் என்றும் இல்லை என்றும் சொல்லத் தெரிந்திருந்தது. நியூயார்க் போய்த்தான் இரண்டையும் தொலைத்தார். யாரையும் நோகடிக்காமல் ஒரு வாக்கியத்தை ஆறு மாதம் இழுத்தால் அங்கே அதற்குக் கெட்டிக்காரத்தனம் என்று பெயர்.

நவம்பரில் ஒரு கருணை மனு வந்தது. இத்ரியா என்ற ஊரிலிருந்து பாவ்லா என்ற பெண் கையால் எழுதியது. அவள் கணவன் சிரில் பேருந்து ஓட்டுநர். ஓட்டும்போது கண்ணயர்ந்து, சைக்கிளில் போன ஒருவரை இடித்துக் கொன்றுவிட்டான். நாலு வருடத் தண்டனையில் இரண்டு முடிந்திருந்தது. ‘எனக்குப் புற்றுநோய். வசந்தம் வரை தாங்க மாட்டேன் என்கிறார்கள். அவர் எதையும் கேட்கவில்லை. நான்தான் கேட்கிறேன்’ என்று முடித்திருந்தாள்.

நீதி அமைச்சகம் விடுதலை வேண்டாம் என்று கருத்து அனுப்பியது. கருத்தை எழுதியவன் ப்ரொபசரின் பழைய மாணவன். குசும்போ விசுவாசமோ, அவருடைய புத்தகத்திலிருந்தே எடுத்துப் போட்டிருந்தான்: மன்னிக்கும் அதிகாரம் அரசர்கள் விட்டுப்போன மிச்சம், சட்டத்தின் ஆட்சியில் அதற்கு வேலையில்லை.

“உங்க புத்தகத்தையே உங்க மேல வீசிட்டான்,” என்றேன்.

“தப்பா ஒண்ணும் சொல்லலையே ஸ்தென்கா. நான் எழுதினதுதான்.”

“அப்ப இல்லைன்னு எழுதிடுங்க.”

“செத்தவருக்கும் குடும்பம் இருக்கு. அவங்களையும் ஒரு வார்த்தை கேக்கணும். இன்னொரு கருத்து வரட்டும்.”

“இது நியூயார்க் பேச்சு. நம்ம டப்பா இன்னும் என் மேசைலதான் இருக்கு. மக்குப் பசங்களுக்கெல்லாம் ரெண்டாவது சீட்டு குடுத்தீங்களே.”

“அது பரீட்சை.”

“ஆமா, இது வெறும் உயிர்தானே.”

கோப்பு அமைச்சகத்துக்கே திரும்பிப் போயிற்று. ஜனவரியில் செத்தவரின் குடும்பம் தங்களுக்கு ஆட்சேபம் இல்லை என்று எழுதியது. அப்போதும் கையெழுத்துப் போடாமல் மூன்றாவது கருத்து கேட்டார்.

பிப்ரவரி எட்டாம் தேதி அரசு விடுமுறை. அன்று மாளிகைக் கதவு எல்லோருக்கும் திறந்திருக்கும். வரிசையில் வந்து ஜனாதிபதியின் கையைக் குலுக்கிவிட்டுப் போவார்கள். பாவ்லா கம்பளித் தொப்பியோடு இரண்டு மணி நேரம் குளிரில் நின்று உள்ளே வந்தாள்.

“மனு போட்ட பாவ்லா நான்தான். ஆமாவா இல்லையான்னு சொல்லிட்டீங்கன்னா போயிடுவேன் ஐயா.”

“உங்க மனுவை ரொம்ப அக்கறையா பாத்துட்டு இருக்கோம்மா.”

“இல்லைன்னா இல்லைன்னே சொல்லுங்க. கோவிச்சுக்க மாட்டேன். எனக்கு வேற வழி ஒண்ணு இருக்கு.”

“எந்தக் கதவையும் நாங்க மூடலை,” என்று புன்னகைத்தார். பின்னால் நின்றவர்கள் நெருக்க, அவள் நகர்ந்து போனாள்.

நான் மாடிப்படியில் ஓடிப் பிடித்தேன். அது என்ன வேறு வழி என்று கேட்டேன்.

“வீட்டுக்கு வந்துட்டுப் போக அவருக்கு ஜெயில்ல மூணு நாள் லீவு குடுப்பாங்க. ஆனா மனு இவர்கிட்ட இருக்கற வரைக்கும் தலையிட மாட்டோம்னுட்டாங்க. வாபஸ் வாங்கிட்டா உடனே அனுப்புவாங்களாம். மூணு நாள் போதும் எனக்கு.”

“வாங்காதீங்க,” என்றேன். “ப்ரொபசர் ரெண்டாவது சீட்டு குடுக்காம யாரையும் அனுப்பினதே இல்ல. கொஞ்சம் பொறுங்க.”

அவள் நம்பினாள். அவரை முப்பத்தொரு வருடம் அறிந்தவள் என்ற திமிர் எனக்கு. அன்றே அவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கருத்து வந்ததும் முதல் வேலை இதுதான் என்றார்.

மார்ச் மாதம் ஒரு வியாழக்கிழமை பாவ்லா இறந்தாள். மறுநாள் காலை சிறையிலிருந்து தகவல் வந்தது. கோப்பை அவர் முன்னால் வைத்தேன். மூன்றாவது கருத்து அதில் இன்னும் வரவே இல்லை. கையெழுத்துப் போட்டார். தேதி போடும் இடத்தில் பேனா நின்றது.

“புதன்கிழமைன்னு போட்டா யாருக்கும் நஷ்டமில்லையே?”

முப்பத்தொரு வருடத்தில் அவர் வாயிலிருந்து இப்படி ஒன்று வந்ததில்லை.

“உங்க மாணவன் யாராவது இதைக் கேட்டிருந்தா?” என்றேன்.

வெள்ளிக்கிழமை தேதியையே போட்டார். அவரைத் திட்டவும் எனக்கு வாய் வரவில்லை. பாதிப் பாவம் என்னுடையது.

சனிக்கிழமை விடுதலை ஆணையை அவரே எடுத்துக்கொண்டு இத்ரியாவுக்குக் கிளம்பினார், நானும் போனேன். அடக்கம் முடிந்து உறவினர்கள் கலைந்திருந்தார்கள். சமையலறையில் சிரில் யாரோ கொடுத்த கறுப்புக் கோட்டில் உட்கார்ந்திருந்தான். இரண்டு பக்கமும் அவனை அடக்கத்துக்கு அழைத்து வந்த இரண்டு சிறைக் காவலர்கள். ப்ரொபசர் நின்றபடியே ஆணையைப் படித்தார்.

“என்ன தேதி போட்டிருக்கீங்க?” என்று சிரில் கேட்டான்.

“நேத்து.”

“அவ வியாழக்கிழமை போயிட்டா.”

“தெரியும். ஜனவரியிலயே போட்டிருக்கணும். நான் போடலை.”

சிரில் காகிதத்தை வாங்கி நாலாக மடித்தான். எனக்கு அதற்கு மேல் பொறுக்கவில்லை. “வாபஸ் வாங்க வேணாம்னு அவங்களைத் தடுத்தது நான்தான்,” என்றேன்.

“ஓ, நீங்களா,” என்றான். “போன்ல சொன்னா. அங்க ஒரு அம்மா நல்லவிதமா பேசினாங்கன்னு.”

நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

காவலர்களில் மூத்தவர் தொப்பியை எடுத்துக்கொண்டு எழுந்தார். “அப்ப எங்க வேலை முடிஞ்சுதுங்களா ஐயா? கிளம்பலாமா?”

ப்ரொபசர் தலையாட்டினார். சிரில் அவசரமாக எழுந்து வாசலை மறித்துக்கொண்டு நின்றான்.

“சாயங்காலம் வரைக்குமாவது இவங்களை இருக்கச் சொல்லுங்க ஐயா. இந்த வீட்ல நான் தனியா இருந்ததே இல்ல.”

விடுதலையானவனுக்குக் காவல் வைக்க எந்தச் சட்டத்திலும் இடமில்லை. ப்ரொபசர் யோசிக்கவே இல்லை.

“அது முடியாதுப்பா,” என்றார்.