விலை புரியாமல் வியாபாரம் இல்லை

திண்டுக்கல் மேற்கு ரத வீதிப் பக்கம் நகைக்கடை வைத்திருக்கும் இளஞ்செழியனுக்கு ஒரு நாள் மனசு விட்டுப்போனது. முந்தின வாரம் ஏழு கிராமில் ஜிமிக்கி வாங்கிப் போன ஒரு பெண் திரும்பி வந்து கடை நடுவில் நின்றுகொண்டு, "ஏழு கிராமைக் குடுத்துட்டு எட்டு கிராமுக்குக் காசு வாங்கிட்டாங்க" என்று சத்தம் போட்டார். சேதாரம் என்று பில்லிலேயே போட்டிருப்பதை இளஞ்செழியன் காட்டினார். "சேதாரம்னா என்னன்னு எனக்கு யாரு சொன்னா?" என்று அந்தப் பெண் கேட்டார். கூட வந்தவர் அதைப் படம் பிடித்து வாட்ஸ்அப்பில் போட்டுவிட்டார். அது சுற்றிச் சுற்றி இளஞ்செழியனின் மாமியார் வரைக்கும் போய்விட்டது.

இளஞ்செழியன் கெட்ட மனிதர் இல்லை. ரோஷக்காரர். இனிமேல் விலை புரியாத ஆளுக்கு ஒரு மூக்குத்திகூட விற்பதில்லை என்று தீர்மானித்தார். 'விலை புரியாமல் இங்கே வியாபாரம் இல்லை' என்று பெரிய போர்டு எழுதி வாசலில் மாட்டினார். பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்ற மரியராஜைக் கூப்பிட்டு, கல்யாணப் பெண்கள் நகை போட்டுப் பார்க்கிற கண்ணாடி அறைக்குள் உட்கார வைத்தார். வாங்க வருகிறவர் முதலில் அந்த அறைக்குப் போக வேண்டும். மரியராஜ் கேட்கிற கேள்விகளுக்குச் சரியாகப் பதில் சொன்னால் ஒரு ரோஸ் கலர் கார்டு தருவார். கார்டு இல்லாதவர் நகையைப் பார்க்கலாம், தொடலாம், கழுத்தில் வைத்துக் கண்ணாடியில்கூடப் பார்க்கலாம். பில் மட்டும் போட மாட்டார்கள்.

கடைப் பையன்களும் பெண்களும் இனி ஈ ஓட்ட வேண்டியதுதான் என்று நினைத்தார்கள். ஆனால் கூட்டம் அலைமோதியது. ஒட்டன்சத்திரத்திலிருந்து வேன் பிடித்து வந்தார்கள். கார்டு வாங்கியவர்கள் அதை லேமினேட் செய்து பர்ஸில் வைத்துக்கொண்டார்கள். எதிர்ச் சந்தில் ஜெராக்ஸ் கடை வைத்திருந்த ருக்சானா, மெஷினைச் சுவரோரமாக நகர்த்திவிட்டு நான்கு பெஞ்சு போட்டு 'நகை விலை டியூஷன்' ஆரம்பித்தார். கல்யாணம் பேசுகிற வீடுகளில், பையன் என்ன வேலை, பெண் என்ன படிப்பு என்பதோடு, உங்கள் வீட்டில் யாரிடமாவது கார்டு இருக்கிறதா என்றும் கேட்க ஆரம்பித்தார்கள்.

செம்பட்டிக்குப் பக்கத்தில் மல்லிகைத் தோட்டம் வைத்திருக்கும் சோலைமலை அப்படித்தான் மாட்டிக்கொண்டார். அவர் மகள் சுகன்யாவுக்கு வத்தலக்குண்டில் செல்போன் கடை வைத்திருக்கும் சிவபிரகாஷைப் பேசி முடித்திருந்தார்கள். மாப்பிள்ளையின் அம்மா கிளம்பும்போது வாசலில் நின்று ஒன்று சொன்னார்.

"செயினு மூணு பவுனோ நாலு பவுனோ, அது உங்க இஷ்டம். ஆனா அந்தப் பரீட்சை வக்கிற கடையில எடுத்ததா இருக்கணும். எங்க சொந்தத்துல அம்புட்டுப் பேருகிட்டயும் அந்தக் கார்டு இருக்கு. நாளைக்கு நாலு பேரு கேட்டா எனக்கு மரியாதையா இருக்கணும்ல."

"அதுக்கென்ன, எடுத்துருவோம்" என்றார் சோலைமலை. பணம் தயாராக இருந்தது. மூன்று பவுன் என்று வீட்டில் முடிவும் செய்திருந்தார்கள். பரீட்சை என்று அந்த அம்மா ஒரு பேச்சுக்குச் சொல்வதாகத்தான் அவர் நினைத்திருந்தார்.

கண்ணாடி அறைக்குள் மரியராஜ் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு கேட்டார்.

"ஒரு கிராம் பன்னெண்டாயிரம்னு வச்சுக்குவோம். எட்டு கிராம்ல ஒரு செயின். சேதாரம் பத்து பர்சென்ட். ஜிஎஸ்டிக்கு முன்னால எவ்வளவு?"

"சேதாரம்னா என்ன சார்?"

"நகை செய்யும்போது உருக்கி, அறுத்து, ராவுறதுல குறையிற தங்கம். அதுக்கும் சேத்துக் காசு வாங்குவாங்க."

"குறைஞ்சது எங்க சார் போகும்?"

"அது கேள்வியில இல்ல."

"இல்ல, எங்க போகுதுன்னு தெரிஞ்சா கணக்கு வந்துரும்."

மரியராஜ் அவரைப் பரிதாபமாகப் பார்த்தார். "அடுத்த வாரம் வாங்க" என்றார்.

சோலைமலை ருக்சானாவிடம் டியூஷன் சேர்ந்தார். அடுத்த தடவை அன்றைய ரேட்டுக்கே கணக்குக் கேட்டார்கள். விரல் விட்டு எண்ணி, எட்டு கிராமோடு சேதாரம் முக்கால் கிராமுக்கு மேல் என்று கூட்டி, பெருக்கி, வேர்த்துப்போய்த் தொகையைச் சொன்னார். அந்த நேரம் பார்த்து மரியராஜின் செல்போனில் ஏதோ வந்தது.

"கிராமுக்கு நாப்பது ரூபா ஏறிருச்சு. நீங்க சொன்ன விடை தப்பு."

"நான் சொல்லும்போது சரியா இருந்துச்சே சார்."

"சொல்ல ஆரம்பிக்கும்போது சரி. முடிக்கும்போது தப்பு."

மூன்றாவது தடவை கல் வைத்த நெக்லஸ். மொத்த எடை இருபது கிராம், அதில் கல் மட்டும் மூன்று கிராம், எத்தனை கிராமுக்குத் தங்கத்தின் விலை போடுவார்கள் என்று மரியராஜ் கேட்டார். கல் எடையைக் கழிக்க வேண்டும் என்று சோலைமலைக்கு நன்றாகத் தெரியும். ஆனால் கண்ணாடிக்கு வெளியே இருபது முப்பது பேர் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். வாய் தவறி "மூணு" என்றார்.

"கல்லுக்குத் தங்க விலை குடுக்கிற ஆளுக்கு நான் எப்படிங்க கார்டு குடுக்க முடியும்?" என்றார் மரியராஜ். அவர் குரலில் நிஜமாகவே வருத்தம் இருந்தது.

அன்று சோலைமலை வீட்டில் சாப்பிடவில்லை. அவர் மனைவி அய்யம்மாள் தட்டை எடுத்து வைத்துவிட்டு, "வார வாரம் நீங்க மட்டும் போறீக. இந்தத் தடவ நானும் வாரேன்" என்றார்.

"நீ எதுக்கு?"

"சும்மா உக்காந்து பாக்குறேன்."

விடிகாலையில் பூப் பறிக்கும்போது சோலைமலை வாய்ப்பாடு மாதிரி ஒப்பித்துக்கொண்டே பறிப்பார். பக்கத்து வரிசையில் பறித்துக்கொண்டிருந்த அய்யம்மாளுக்கு அது முழுக்கப் பாடமாகிவிட்டது என்பது அவருக்குத் தெரியாது. கடைக்குப் போனதும் சோலைமலை கண்ணாடி அறைப் பக்கமே போகவில்லை. "இன்னைக்கு எனக்கு முடியல. வந்ததுக்கு நீ போய்ப் பாரு" என்று சோபாவில் சாய்ந்துகொண்டார்.

மரியராஜ் கேள்வியைக் கேட்டு முடித்ததும் அய்யம்மாள் திருப்பிக் கேட்டார்.

"எந்த நேரத்து ரேட்டு சார்?"

மரியராஜ் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். இத்தனை நாளில் அந்த அறைக்குள் யாரும் அதைக் கேட்டதில்லை. பிறகு அய்யம்மாள் எல்லாவற்றையும் நிதானமாகச் சொன்னார். தங்கம் எம்புட்டோ அதோடு சேதாரத்தைக் கூட்டி, கல் இருந்தால் அதன் எடையைக் கழித்து விலையைத் தனியாகச் சேர்த்து, மொத்தத்துக்கும் மேலே மூன்று பர்சென்ட் ஜிஎஸ்டி, ஹால்மார்க் முத்திரைக்குச் சின்னதாக ஒரு தொகை. கார்டு கொடுத்தார்கள். வெளியே நின்ற கூட்டம் கை தட்டியது. சோலைமலையும் தட்டினார். கைதான் தட்டியது, முகம் சேரவில்லை.

நகை காட்டுகிற இடத்தில் தீபா என்ற பெண் நின்றிருந்தாள். மூன்று பவுன் செயின்களை வெல்வெட் தட்டில் வரிசையாக வைத்தாள். அய்யம்மாள் ஒன்றை எடுத்து, அழகைப் பார்க்காமல், நூலில் தொங்கிய சீட்டைத் திருப்பினார்.

"இதுக்குச் சேதாரம் எம்புட்டும்மா?"

"பத்தொம்பது பர்சென்ட்க்கா."

"அப்ப மூணு பவுனு வாங்குறதுக்கு மூணரைப் பவுனுக்கு மேலயில்ல காசு குடுக்கணும். கையில செஞ்சதா, மெஷின்ல செஞ்சதா?"

"மெஷின் செயின்க்கா."

"மெஷினு இம்புட்டா கீழ சிந்தும்?"

தீபா அந்தச் செயினைத் தட்டில் திருப்பி வைத்தாள். இன்னொன்றைக் காட்டினாள். அதற்குப் பன்னிரண்டு. ஏன் பன்னிரண்டு என்று கேட்டதும், "சீட்டுல அப்படித்தான் போட்டிருக்குக்கா" என்றாள். அய்யம்மாள் கார்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு எழுந்தார்.

"நீங்களுமாக்கா?" என்றாள் தீபா. அவளுக்குக் கண் கலங்கிவிட்டது.

பேச்சுக் குரல் கேட்டு இளஞ்செழியன் உள்ளேயிருந்து வந்தார். ஆள் மெலிந்திருந்தார். "உக்காருங்கம்மா, பாதாம் பால் சாப்பிடுங்க" என்று சொல்லிவிட்டு அவரும் உட்கார்ந்தார்.

"புரியாதவுகளுக்கு விக்க மாட்டேன்னு போர்டு வச்சேன். புரிஞ்சவுக வாங்க மாட்டேங்கிறாக. கார்டு வாங்குறாக, சேதாரம் கேக்குறாக, பாதாம் பாலக் குடிச்சிட்டுப் போயிருறாக. மூணு மாசமா ஒரு மோதிரம் போகல."

சோபாவில் இருந்த சோலைமலை நிமிர்ந்தார். "எனக்கு வித்துருங்களேன் மொதலாளி. எனக்குப் புரியல. பணமும் கையில இருக்கு."

இளஞ்செழியன் அவரை ஆசையாகப் பார்த்தார். அப்படி ஒருவரைப் பார்த்து நெடுநாள் ஆகியிருந்தது. "விக்கலாம்ணே" என்று பெருமூச்சு விட்டார். "போர்டு இருக்கே."

"ஏன் பத்தொம்பதுன்னு மட்டும் சொல்லுங்க, நானே வாங்கிக்கிறேன்" என்றார் அய்யம்மாள்.

"அது எப்பவுமே அப்படித்தான்மா."

கண்ணாடிக் கதவு திறந்தது. மரியராஜ் தலையை நீட்டினார்.

"மொதலாளி, நீங்க கார்டு வாங்கியிருக்கீங்களா?"

"நான் கடைக்காரன் சார்."

"போர்டுல வாங்குறவர், விக்கிறவர்னு ஒண்ணும் பிரிச்சுப் போடல. விலை புரியாம வியாபாரம் இல்லன்னுதான் போட்டிருக்கு. உள்ள வாங்க."

கடை முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்தது. இளஞ்செழியனால் மறுக்க முடியவில்லை. உள்ளே போனார். கொஞ்ச நேரத்தில் வெளியே வந்து சோலைமலை பக்கத்தில் பொத்தென்று உட்கார்ந்தார்.

"என்ன கேட்டாரு?" என்றார் சோலைமலை மெதுவாக.

"ஏன் பத்தொம்பதுன்னு கேட்டாரு."

"என்ன சொன்னீக?"

"எங்கப்பா வச்சதுன்னு சொன்னேன்."

"சரியாத்தான சொல்லியிருக்கீக."

"அடுத்த வாரம் வரச் சொல்லிட்டாரு."

சோலைமலை அவருக்காக ஒரு டீ வாங்கி வரச் சொன்னார். "உள்ள போனா வெளிய நிக்கிற ஆளுகளப் பாக்காதீக. படபடப்பு வந்துரும். நான் அதுலதான் விழுந்தேன்" என்று தன் அனுபவத்தைச் சொன்னார். "எதுத்தாப்புல ருக்சானா டீச்சர் நல்லா சொல்லித் தருவாக." இளஞ்செழியன் தலையாட்டிக்கொண்டே டீயைக் குடித்தார். சோலைமலைக்கு நெஞ்சில் இருந்த பாரம் கொஞ்சம் இறங்கிய மாதிரி இருந்தது. பஸ்ஸில் வரும்போது அய்யம்மாளிடம், "நல்ல மனுசன் பாவம்" என்றார்.

இளஞ்செழியன் டியூஷனுக்குப் போனார். கடைசி பெஞ்சில், தன்னிடம் நகை வாங்க முடியாதவர்களுக்கு நடுவில் உட்கார்ந்தார். ஏன் பத்தொன்பது என்று ருக்சானாவுக்கும் தெரியவில்லை. "நான் எப்படிப் பெருக்கணும்னுதான் சொல்லித் தர்றேன் சார். அந்த நம்பர் எங்கருந்து வந்துச்சுன்னு நீங்கதான் சொல்லணும்" என்றார். அதனால் செயின் செய்து அனுப்புகிற கோயம்புத்தூர்ப் பட்டறைக்கே நேரில் போனார். அங்கே தரையைக் கூட்டி, கை கழுவுகிற தண்ணீரைக்கூட வடிகட்டி, தூளையெல்லாம் சேர்த்து மறுபடி உருக்கிக்கொண்டிருந்தார்கள். உண்மையில் வீணாகிப் போவது ரொம்பக் கொஞ்சம் என்று அவர்கள் சாதாரணமாகச் சொன்னார்கள். இத்தனை வருஷம் வியாபாரம் செய்தும் இதை யாரிடமும் கேட்டதில்லையே என்று அவருக்கு வெட்கமாக இருந்தது.

மறு வாரம் சோலைமலையும் அய்யம்மாளும் மறுபடி கடைக்கு வந்திருந்தார்கள். கண்ணாடி அறைக்குள் மரியராஜ் அதே கேள்வியைக் கேட்டார். இளஞ்செழியன் வெளியே பார்க்காமல் பதில் சொன்னார்.

"சேதாரம்னு நாங்க போடுறதுல சேதாரம் கொஞ்சம்தான் சார். மிச்சம் செய்கூலி, கடை வாடகை, கரண்ட், இவுக சம்பளம், பாதாம் பால், தை மாசம் குடுக்கிற காலண்டர். அப்புறம்..."

"அப்புறம்?"

"என் லாபம்."

மரியராஜ் எழுந்து கை கொடுத்தார். கடையில் எழுந்த கைதட்டல் அய்யம்மாளுக்குக் கிடைத்ததைவிடப் பெரியது. தீபா விசில்கூட அடித்தாள்.

கார்டை வாங்கிய கையோடு இளஞ்செழியன் சீட்டுகளை மாற்றி எழுதச் சொன்னார். சேதாரம் இவ்வளவு, கூலி இவ்வளவு, லாபம் இவ்வளவு என்று தனித்தனியாக. சேதாரம் என்ற பெயரில் பத்தொன்பது வாங்கும்போது அவருக்குக் கூசியதே இல்லை. லாபம் என்று வாய்விட்டுச் சொல்லும்போது கூச்சமாக இருந்தது. அதனால் மெஷின் செயினுக்கு எல்லாம் சேர்த்தே எட்டுக்கு மேல் அவரால் சொல்ல முடியவில்லை. அய்யம்மாள் சீட்டைத் திருப்பிப் பார்த்தார். மனசுக்குள் கணக்குப் போட்டார். பிறகுதான் செயினின் அழகைப் பார்த்தார். "சுகன்யாவுக்கு நல்லாருக்கும்" என்று எடுத்துக்கொண்டார். அன்று சாயங்காலத்துக்குள் கடையில் பாதித் தட்டு காலியாகிவிட்டது. சோலைமலை மறுபடியும் உள்ளே போய், மறுபடியும் ஃபெயிலானார். இந்தத் தடவை ஜிஎஸ்டியைக் கூட்டாமல் கழித்துவிட்டார்.

செம்பட்டி மண்டபத்தில் கல்யாணம் நடந்தது. தாலி கட்டி முடிந்ததும் மாப்பிள்ளையின் அம்மா சுகன்யாவின் கழுத்தில் கிடந்த செயினை ஏறிட்டும் பார்க்காமல் நேராகச் சோலைமலையிடம் வந்தார். கார்டை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். சொந்தக்காரர்கள் சூழ்ந்துகொண்டார்கள்.

"சம்பந்தி, இது நீங்க பாஸ் பண்ணுனதா?"

ஆமாம் என்று சொல்லிவிட்டுப் போயிருக்கலாம். கார்டில் பெயர் கிடையாது.

"இல்ல. நான் போன தடவையெல்லாம் ஃபெயிலு" என்றார் சோலைமலை, சுற்றி நின்றவர்களுக்கும் கேட்கிற மாதிரி. "இது எம் பொண்டாட்டி ஒரே தடவையில பாஸ் பண்ணுனது."

அய்யம்மாள் முந்தானையைச் சரிசெய்துகொண்டு வேறு பக்கம் பார்த்தார். மாப்பிள்ளையின் அம்மா கூட்டம் கலையும் வரை காத்திருந்து, அய்யம்மாளின் கையைப் பிடித்துப் பந்தலோரமாக இழுத்துக்கொண்டு போனார்.

"யாருகிட்டயும் சொல்லாதீக. எங்க வீட்டுல என்கிட்ட மட்டும்தான் கார்டு இல்ல. அந்தத் தொள்ளாயிரத்துப் பதினாறுன்னு முத்திரை இருக்குல்ல, அது என்னான்னு அந்த வாத்தியாரு கேட்டாரு. வெலன்னு நெனச்சுக்கிட்டேன். செத்த நேரம் சொல்லித் தாங்களேன்."

அய்யம்மாள் தரையில் சிந்திக் கிடந்த அட்சதையிலிருந்து ஒரு கை அரிசியை அள்ளி வாழையிலைத் துண்டில் பரப்பினார்.

"இது ஆயிரம் அரிசின்னு வச்சுக்கங்க. அதுல தொள்ளாயிரத்துப் பதினாறுதான் தங்கம். மிச்சம் செம்பு, வெள்ளி, அந்த மாதிரி. சுத்தத் தங்கத்துல செஞ்சா வளஞ்சு போகும், அதுக்காகச் சேக்குறது."

மாப்பிள்ளையின் அம்மா குனிந்து அரிசியைப் பார்த்தார். முதல் பந்திக்கு ஆள் கூப்பிட்டார்கள். இரண்டு பேருமே அசையவில்லை. அவர்களைத் தேடி வந்த சோலைமலை செத்த நேரம் நின்று கேட்டுவிட்டு, ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துகொண்டார்.