பதினோரு மணிச் சங்கு

குன்னிப்பாளையத்தில் கைக்கடிகாரம் மொத்தம் நாலு பேரிடம் இருந்தது. மற்றவர்களுக்கு டவுன் பஞ்சாயத்து ஆபீஸ் மாடியிலிருந்த மின்சாரச் சங்குதான் மணி. ஒன்பதுக்கு வேலை, பன்னிரண்டுக்குச் சோறு, ஒன்றுக்கு மறுபடியும் வேலை. பதினோரு வருஷமாக அதை ஊதிவந்த தங்கசாமி அரை நிமிஷம் பிசகியதில்லை. ஆனாலும் இன்னும் தினக்கூலிதான்.

எழுபத்தொன்று டிசம்பரில் சண்டை மூண்டது. எதிரி விமானம் எருமப்பட்டிப் பக்கத்துக் கடலைக்காட்டைத் தேடி வரும் என்று யார் கண்டுபிடித்தார்களோ, இந்த ஊரிலும் அபாயச் சங்கைச் சோதித்துப் பார்க்க உத்தரவு வந்தது. ஏறி இறங்கி அலறினால் அபாயம். எல்லோரும் உள்ளே போய்க் குப்புறப் படுக்க வேண்டும். ஒரே சீராக ஊதினால் ஆபத்து நீங்கியது, வெளியே வரலாம்.

பஞ்சாயத்துத் தலைவர் தங்கசாமியைக் கூப்பிட்டார். "நல்லபடியா முடிஞ்சா உன்னை நிரந்தரம் பண்ணச் சொல்லி எழுதறேன். சொதப்புனா ஊட்டோட இருந்துக்க, சாமி."

திங்கட்கிழமை பதினோரு மணிக்குச் சோதனை என்று மூன்று நாள் தண்டோரா போட்டார்கள்.

சேலத்திலிருந்து வந்த அதிகாரி தொலைநோக்கியோடு மாடியில் நின்றார். பதினொன்றுக்குத் தங்கசாமி சுவிட்சைப் போட்டார், அணைத்தார், மறுபடி போட்டார். சங்கு ஏறி இறங்கி அலறியது.

தெரு நிரம்பியது. கடலை மில் பெண்கள் சோற்றுத் தூக்குப்போசியோடு வந்து வேப்பமரத்தடியில் உட்கார்ந்தார்கள். பள்ளிக்கூடம் தட்டுகளோடு வெளியே ஓடிவந்தது. பன்னிரண்டு மணி பஸ் கிளம்பியே விட்டது.

"ஏ பொன்னாத்தா! எல்லாரும் உள்ள போங்க! சோதனை!" என்று தங்கசாமி மாடியிலிருந்து கத்தினார்.

மில் பெண்கள் நடுவிலிருந்த பொன்னாத்தாள் வாயில் சோற்றோடு நிமிர்ந்தாள். "அது பதினொண்ணுக்குங்களே! இப்பத்தான் பன்னெண்டு ஊதிட்டீங்களே!"

"இதுதான் பதினொண்ணு!"

"அப்பப் பன்னெண்டு எப்பங்கண்ணா? ஏனுங்க, சங்குக்குக் குளிர்காய்ச்சலா? இந்த நடுங்கு நடுங்குது?"

வேப்பமரத்தடி முழுவதும் சிரித்தது.

"குண்டு விழுந்தா ஒருத்தரும் வெறும் வயித்தோட சாகமாட்டாங்க" என்றார் அதிகாரி.

தங்கசாமி வேறு வழி தெரியாமல், ஆபத்து நீங்கியதற்கான சங்கை ஒரே சீராக ஊதினார்.

காலை ஒன்பதுக்குப் பிறகு கேட்கும் இரண்டாவது சங்கு, ஊர்க்கணக்கில் ஒரு மணி. "இன்னிக்குச் சோத்து நேரம் சட்டுனு போயிருச்சு" என்று முனகிக்கொண்டே பெண்கள் போசியை மூடி மில்லுக்குள் போனார்கள். பிள்ளைகளை வாத்தியார் உள்ளே விரட்டினார். இரண்டே நிமிஷத்தில் தெருவில் ஒரு நாய் மட்டும் மிஞ்சியது.

அதிகாரிக்குச் சேலத்தில் வேறு கூட்டம் இருந்தது. அறிக்கையில் எழுதினார்: 'சங்கு ஒலித்த இரண்டு நிமிடங்களுக்குள் பொதுமக்கள் அனைவரும் உள்ளே சென்றனர்.' எந்தச் சங்கு என்று மட்டும் எழுதவில்லை.

சண்டை முடிந்து இரண்டு மாதம் கழித்து உத்தரவு வந்தது. தங்கசாமி நிரந்தரம். அடுத்த பத்தியில், இத்தனை சிறப்பான அபாயச் சங்கை இனி மணி காட்டுவதற்கு வீணாக்கக் கூடாது, அபாயத்துக்கு மட்டுமே ஊத வேண்டும் என்று இருந்தது. ஊதியதற்குத் தினக்கூலி வாங்கியவர், ஊதாமலிருக்க மாதச் சம்பளம் வாங்க ஆரம்பித்தார்.

மில் முதலாளிக்குத்தான் கொண்டாட்டம். இப்போது மில்லுக்கு அவருடைய கைக்கடிகாரம்தான் மணி. அதில் பன்னிரண்டு ஆவதற்கு வெகுநேரம் பிடித்தது.

ஒருநாள் பொன்னாத்தாள் தங்கசாமியை வழிமறித்தாள். "உங்களுக்கு வேல நெலச்சிருச்சு, சந்தோசமுங்க. எங்களுக்குப் பன்னெண்டே வாரதில்லீங்களே!"



மறுநாள் சரியாகப் பன்னிரண்டுக்கு தங்கசாமி ஆபீஸ் படியிறங்கி, காலிப் போசியை ஆட்டிக்கொண்டு, மில் வாசல் வழியாக வீட்டுக்குச் சாப்பிடப் போனார். அவர் தலை தெரிந்ததும் பெண்கள் முறத்தை வைத்துவிட்டு எழுந்தார்கள். அதற்கடுத்த நாளும் அப்படியே. அரை நிமிஷம் பிசகவில்லை.

முதலாளி மனு கொடுத்தார். தலைவர் உத்தரவை இரண்டு முறை படித்துப் பார்த்தார். ஊதக் கூடாது என்றுதான் அதில் இருந்தது. நடக்கக் கூடாது என்று எங்கும் இல்லை.