மீசை வைத்த வாரிசு

"வாயை மூடுடி!" என்று பெரியப்பா போட்ட சத்தம் ஒலிப்பதிவுக் கருவியிலும் பதிந்துவிட்டது.

கூடத்தில் மேளத்தை மடியில் வைத்துக்கொண்டு அண்ணன் விழித்தான். அந்தக் குடும்பம் தலைமுறைகளாகப் பாடிவந்த ஒன்பது கதைப்பாட்டுகளைப் பதிவு செய்ய வானொலி நிலையத்திலிருந்து ஆள் வந்திருந்தார். அப்பா இறந்து மூன்று மாதம். வாரிசு அண்ணன்தான் என்று பெரியப்பா அன்றைக்கே அறிவித்துவிட்டார். அவனுக்குத் தகுதி இல்லாமல் இல்லை; மீசை இருந்தது. முதல் பாட்டிலேயே அவன் திக்கி நின்றபோது, அடுக்களையிலிருந்து தங்கை அடியெடுத்துக் கொடுத்துவிட்டாள். அதுதான் குற்றம்.

"யாருங்க அது? குரல் நல்லா இருக்கே. அவங்களையே பாடச் சொல்லுங்களேன்" என்றார் வானொலிக்காரர்.

"அது ஒண்ணுமில்லீங்க, வீட்டுப் பொண்ணு. என் தம்பிக்குக் கடைசியில ஞாபகம் தப்பிப்போச்சு. பக்கத்துல உக்காந்து எடுத்துக் குடுத்தா, அவ்வளவுதான். பொண்ணு பாடினா பாட்டு நாளைக்கு அவ புருஷன் வீட்டுக்குப் போயிடும். குடும்பச் சொத்து வெளிய போகலாமா?"

தங்கை நிலைப்படிக்கு வந்தாள். "ஒம்பது பாட்டும் எனக்கு மட்டும்தான் தெரியும், பெரியப்பா."

"தெரிஞ்சா மனசோட வச்சுக்க."

அண்ணன் அந்தப் பாட்டை மூன்றாக முறித்து முடித்தான். "அப்படியே என் தம்பி குரல்!" என்று பெரியப்பா கண்ணைத் துடைத்துக்கொண்டார். மீதி எட்டுக்கும் சொல்லி அனுப்புவதாகச் சொல்லிவிட்டு வானொலிக்காரர் போனார். சொல்லி அனுப்பவேயில்லை.

தங்கைக்கு ஆஸ்பத்திரித் துணி வெளுக்கும் இடத்தில் வேலை. மறுநாள் போர்வை மடிக்கும்போது எதிர் முனையைப் பிடித்திருந்தவளிடம், "நான் சொல்றதைத் திருப்பிச் சொல்லு" என்றாள். இயந்திர இரைச்சலுக்கு மேலே கேட்க வேண்டுமே. தொண்டையைத் திறந்து பாடினாள். வாரக் கடைசியில் ஐந்து பெண்கள் பாடினார்கள். இரண்டு மாதத்தில் பதினொரு பேர். ஒருத்தியும் அவளுக்குச் சொந்தமில்லை.

சேதி எட்டியதும் பெரியப்பா வந்து சேர்ந்தார். அழுக்கு மூட்டைகளுக்கு நடுவே மூக்கைப் பொத்திக்கொண்டு நின்றார்.

"கண்டவளுக்கெல்லாம் நம்ம பாட்டைச் சொல்லிக் குடுக்கிறியே, வெக்கமா இல்ல?"

அவள் போர்வை நுனியை விடவில்லை.

"அண்ணனையும் வரச் சொல்லுங்க, பெரியப்பா. கத்துக் குடுக்கிறேன். மடிக்கத் தெரியாட்டியும் பரவாயில்ல. ஒரு ஓரத்தைப் பிடிச்சுக்கிட்டு நின்னாப் போதும்."