மேல் வரி பிழை

ஏட்டுக்காரிக்கு முகம் கிடையாது. சுவரில் மாட்டிய கறுப்புப் பலகை, அதன் நடுவில் வெள்ளையாய்த் தீட்டிய ஒரு கை. சாமி அவ்வளவுதான். அந்தக் கை ஓயாமல் எழுதிக்கொண்டிருக்கிறது, பிறந்ததும் செத்ததும் யாரும் பார்க்காமல் செய்ததும் எல்லாம் அதில் ஏறுகிறது என்று ஊர் நம்புகிறது. அழிக்க மட்டும் அந்தக் கைக்குத் தெரியாது. அதனால் அவள் அறைக்குள் ரப்பரும் பிளேடும் வரக் கூடாது. ஏட்டில் தப்பாக எழுதிவிட்டால் அடிக்கக் கூடாது. அடுத்த வரியில் ‘மேல் வரி பிழை’ என்று போட்டுச் சரியானதை எழுத வேண்டும். பெயர் எழுதும் வழக்கமும் இல்லை. பெயரை யாரும் மாற்றிச் சொல்லிவிடலாம், யாருக்கு யார் என்ன வேண்டும் என்பதை மாற்ற முடியாது.

சாவு விழுந்த வீட்டில் இந்த ஏட்டில் வரி ஏறாமல் பிணத்தை எடுக்க மாட்டார்கள். கோர்ட்டும் இந்த வரிக்கு மேல் கேள்வி கேட்காது.

பத்தொன்பது வருஷமாக அங்கே உட்கார்ந்து எழுதுகிறவளை ஊரே மைவிரல் என்றுதான் கூப்பிடும். கல்யாணம், பிள்ளைகுட்டி எதுவும் இல்லை. அவளுக்கென்று இருந்தது ஒரே ஒரு தம்பி. அம்மா போனபோது அவனுக்கு நாலு வயது. ஊட்டியது, தலை சீவியது, சிலேட்டில் கை பிடித்து எழுத வைத்தது எல்லாம் இவள்தான். அவன் இப்போது மீன் கம்பெனியில் சூப்பர்வைசர்.

அன்று காலை அவள் பூட்டைத் திறப்பதற்கு முன்பே அவன் வாசலில் நின்றான். பேக்கிங்கில் இருந்த பெண் ஒருத்தி நேற்று குளிரறையில் இறந்துவிட்டாள், கம்பெனி சார்பில் சாட்சியாக வந்திருக்கிறேன் என்றான். பதினேழு வயதாம். வருகைப் பதிவேட்டில் ஏற்றாத ஆளாம். நேற்று காலை எட்டு மணி வாக்கில் திடீரென்று சோதனைக்கு ஆபீசர் வந்துவிட்டாராம். கொஞ்ச நேரம் கண்ணில் படாமல் இரு என்று குளிரறைக்குள் அனுப்பினார்களாம், போன உடனே நெஞ்சடைத்துவிட்டதாம். சொல்லும்போது காது மடலைத் தேய்த்துக்கொண்டே இருந்தான். சின்ன வயதில் பொய் சொல்லும்போதும் அப்படித்தான் தேய்ப்பான்.

"எட்டு மணிக்கு இறந்தாள்னு எழுதுக்கா. அது போதும்."

"எட்டுதானா?"

"எட்டுன்னு வெச்சுக்கோயேன்."

"ஏட்டுல அப்படியெல்லாம் வெச்சுக்க முடியாதுடா."

"அப்போ என்னை ஜெயில்ல வெச்சுக்குவாங்க."

அவள் வேறு எதுவும் கேட்கவில்லை. கேட்டால் சொல்லிவிடுவானோ என்று பயமாக இருந்தது. பேனாவில் மை நிரப்பிக்கொண்டாள். நிரம்பிய பிறகும் நிரப்பிக்கொண்டே இருந்தாள்.

செத்தவளின் அம்மா பத்து மணிக்கு வந்தாள். மருந்துப் பாட்டில்களுக்கு லேபிள் ஒட்டுகிறவள். நகக்கண்ணில் பசை காய்ந்திருந்தது. அழுது முடித்த முகமாக இல்லை, இன்னும் அழத் தொடங்காத முகம். மகளுக்குக் காய்ச்சல்கூட வந்ததில்லை என்று மட்டும் சொன்னாள். தம்பி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

மைவிரல் எழுதினாள். ‘லேபிள் ஒட்டுபவளின் மகள். மீன் பேக்கிங் வேலை. காலை எட்டு மணிக்குக் குளிரறையில்...’ அதற்கு மேல் ஒரே ஒரு சொல். ஆயிரக்கணக்கான தடவை எழுதிய சொல். எழுதி முடித்து ஏட்டை அந்த அம்மாள் பக்கம் திருப்பினாள். வீட்டு ஆள் வாய்விட்டுப் படித்த பிறகுதான் கைநாட்டு.

லேபிள்களைப் பார்த்துப் பார்த்தே எழுத்துக் கூட்டப் பழகியவள் அந்த அம்மாள். ஒவ்வொரு எழுத்தாக விரல் வைத்து நகர்ந்தாள்.

"குளிரறையில்... இ... ரு... ந்தாள்."

விரல் அங்கேயே நின்றது.

"இருந்தாளா?"

மைவிரல் எட்டிப் பார்த்தாள். ‘இறந்தாள்’ என்று இருக்க வேண்டிய இடத்தில் ‘இருந்தாள்’ என்று இருந்தது. அவள் எழுத்துதான், அவள் மைதான். இந்த எழுத்தைத் தப்பாகப் போட்டதற்காகத்தான் தம்பியை அந்தக் காலத்தில் மண்டையில் குட்டுவாள். இருந்தவனைக் கொன்னுட்டியேடா என்று கேலி செய்வாள்.

"எனக்குக் கேட்டது கம்ப்ரசர் சத்தம்னுதான் நினைச்சேன்" என்றான் தம்பி.

எந்தச் சத்தத்தைப் பற்றியும் அந்த அறையில் யாரும் அவனைக் கேட்டிருக்கவில்லை. சொன்ன பிறகுதான் அது அவனுக்கே உறைத்தது. அக்காவைப் பார்த்தான்.

"கைப்பிழைக்கா. ‘மேல் வரி பிழை’ன்னு எழுதிடு."

எழுதலாம். மூன்றே சொல். தப்பு தன்னுடையதுதான் என்று சாமி பலகையைப் பார்த்துச் சத்தியம்கூடச் செய்யலாம், பொய்யாகாது. பலகையிலிருந்த கை எப்போதும் போல இருந்தது. அந்த அம்மாள் எழுத்தின் மேல் வைத்த விரலை எடுக்கவில்லை, எடுத்தால் மகள் போய்விடுவாள் என்பது போல.

"எத்தனை மணி வரைக்கும்டா?"

"ஆபீசர் கிளம்பும்போது பதினொண்ணேகால்..."

"நான் அதைக் கேட்கலை."

அவன் கை காது மடலுக்குப் போகவில்லை. "பத்து வரைக்கும் தட்டினா. பூட்டின சாவி என் கையிலதான் இருந்துச்சு. ஆபீசர் பக்கத்திலேயே உட்கார்ந்து டீ குடிச்சிட்டிருந்தாரு. இப்போ எழுந்திடுவாரு, இப்போ எழுந்திடுவாருன்னு..."

அந்த அம்மாள் எழுத்தின் மேல் விரலை இன்னும் அழுத்தினாள்.

மைவிரல் ஏட்டைத் தன் பக்கம் திருப்பினாள். அடுத்த வரியில் எழுதினாள். ‘பத்து மணி வரை இருந்தாள். தட்டினாள். வெளியே பூட்டியிருந்தது. பூட்டியவன்...’

மை காயும் அளவுக்குப் பேனா நின்றது. நாலு வயதில் சோறு வாங்க வாயைத் திறந்துகொண்டு நிற்பானே, அந்த முகம் வந்தது. பேனாவை ஒரு தடவை உதறினாள்.

‘...எழுதியவளின் தம்பி.’

அந்த அம்மாள் இரண்டு வரியையும் கூட்டிப் படித்தாள். கடைசி இரண்டு சொல்லுக்கு வந்ததும் தலையைத் தூக்கி எழுதியவளைப் பார்த்தாள். பெருவிரலை அழுத்தி வைத்துவிட்டு, "இனி என் பொண்ணை எடுத்துக்கலாமா?" என்றாள். எடுத்துக்கொள்ளலாம் என்றாள் மைவிரல். அந்த அம்மாள் போனாள்.

சாட்சியின் இடம் மட்டும் காலியாக இருந்தது. மைவிரல் ஏட்டைத் தம்பி பக்கம் தள்ளினாள்.

"படிச்சுப் பாரு. தப்பு இருந்தா சொல்லு."

அவன் குனிந்து, சிலேட்டில் செய்தது போலவே, ஒவ்வொரு எழுத்துக்கும் விரல் வைத்துப் படித்தான். ‘இருந்தாள்’ என்ற சொல்லை இரண்டு இடத்திலும் நிதானமாகக் கடந்தான்.

"சரியா இருக்குக்கா" என்றான். மைப்பெட்டியில் விரலை வைத்தான்.